ராக் ஐலண்ட்: தீர்ப்புக்காகக் காத்திருந்து அழிந்த ரயில் கம்பெனி

அமெரிக்காவின் நடுமேற்கில் சிகாகோவுக்கும், மிசூரி ஆற்றங்கரையில் இருக்கும் கவுன்சில் பிளஃப்ஸ் ஊருக்கும் இடையே ஏறத்தாழ 500 மைல். 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இந்த இரண்டு ஊர்களையும் இணைத்து ஆறு கம்பெனிகள் ஆறு தனித்தனிப் பாதைகளில் ரயில் ஓட்டின. சிகாகோ அண்ட் நார்த் வெஸ்டர்ன், பர்லிங்டன், மில்வாக்கி ரோடு, இலினாய் சென்ட்ரல், சிகாகோ கிரேட் வெஸ்டர்ன், ராக் ஐலண்ட் என்பவை அவை. ஆறும் அயோவா மாநிலத்தின் ஒரே சோளத்துக்கும் ஒரே பன்றிக்கும் போட்டியிட்டன. கவுன்சில் பிளஃப்ஸுக்கு எதிர்க்கரையான ஒமாஹாவிலிருந்து மேற்கே கலிபோர்னியா நோக்கிப் போனதோ ஒரே பெரிய பாதை, யூனியன் பசிபிக். மேற்கிலிருந்து அது கொண்டுவந்து சேர்க்கும் சரக்குப் பெட்டிகளை ஆறில் யார் வாங்கிச் சிகாகோவுக்கு இழுப்பது என்பதுதான் அந்தப் பகுதி ரயில் தொழிலின் ஓயாத சண்டை.

ராக் ஐலண்ட் கம்பெனியின் சாவைப் பற்றி எழுதுகிறவர்களில் பலர் அரசாங்கத்தின் தாமதத்தையே குற்றவாளியாக நிறுத்துகிறார்கள். இணைப்புக்கு மனு போட்டுப் பத்து ஆண்டு காத்திருந்ததால் கம்பெனி செத்தது என்பது அவர்கள் வாதம். அதில் பெரும்பகுதி உண்மை. ஆனால் அந்தப் பத்து ஆண்டை நீட்டியவர்கள் யார், நீண்டதால் பிழைத்தவர்கள் யார் என்ற கேள்வியை அந்த வாதம் தொடுவதில்லை. என் அக்கறை அந்தக் கேள்வியில்தான். அதற்கு முதலில் இந்தக் கம்பெனி எங்கிருந்து வந்தது என்று பார்க்க வேண்டும்.

1847இல் இலினாய் சட்டமன்றம் ராக் ஐலண்ட் அண்ட் லா சால் என்ற பெயரில் ஒரு ரயில் கம்பெனிக்கு உரிமம் கொடுத்தது. மிசிசிப்பி ஆற்றங்கரையின் ராக் ஐலண்ட் ஊரை, இலினாய்–மிச்சிகன் கால்வாய் முடியும் லா சாலோடு இணைப்பதே அப்போதைய எண்ணம். கால்வாயை நம்புவதைவிட நேராகச் சிகாகோவுக்கே பாதை போடலாம் என்று நான்கே ஆண்டில் திட்டம் மாறியது. சிகாகோ அண்ட் ராக் ஐலண்ட் என்று பெயரும் மாறியது. 1852 அக்டோபர் 10 அன்று ராக்கெட் என்ற என்ஜின் சிகாகோவிலிருந்து ஜோலியட் வரை முதல் ரயிலை இழுத்துப் போனது. 1854 பிப்ரவரி 22 அன்று தண்டவாளம் மிசிசிப்பிக் கரையைத் தொட்டது. சிகாகோவையும் மிசிசிப்பியையும் இணைத்த முதல் ரயில் பாதை இதுதான்.

அடுத்து ஆற்றைக் கடக்க வேண்டும். அதுவரை மிசிசிப்பியின் குறுக்கே எந்த ரயில் பாலமும் கிடையாது. ராக் ஐலண்டுக்கும் எதிர்க்கரை டாவன்போர்ட்டுக்கும் நடுவே ஆற்றில் ஒரு தீவு இருந்தது. அதைத் துணையாகக் கொண்டு மரத்தால் ஒரு பாலம் கட்டினார்கள். 1856 ஏப்ரலில் அதில் ரயில் ஓடியது. இரண்டு வாரம்தான் ஆகியிருக்கும். மே 6 அன்று எஃபி ஆஃப்டன் என்ற நீராவிக் கப்பல் பாலத்தின் தூணில் மோதித் தீப்பிடித்தது. கப்பல் எரிந்து முழுகியது, பாலத்தின் ஒரு கண்ணும் எரிந்து விழுந்தது.

கப்பல் முதலாளிகள் நஷ்டஈடு கேட்டு வழக்குப் போட்டார்கள். அவர்களுக்குப் பின்னால் செயின்ட் லூயிஸ் நகரத்தின் ஆற்று வணிகம் நின்றது. வடக்கு–தெற்காக ஆற்றில் போகும் சரக்கு செயின்ட் லூயிஸின் பிழைப்பு. கிழக்கு–மேற்காகத் தண்டவாளத்தில் போகும் சரக்கு சிகாகோவின் பிழைப்பு. பாலம் நிலைத்தால் எந்த நகரம் தேயும் என்பது இரு தரப்புக்கும் தெரிந்திருந்தது. 1857 செப்டம்பரில் சிகாகோவில் நடந்த விசாரணையில் பாலத்துக்காக வாதாடியவர்களில் ஒருவர் ஆபிரகாம் லிங்கன். நீரோட்டத்தின் வேகம், தூண்களின் கோணம், கப்பல் வந்த விதம் என்று அளவுகளை வைத்தே அவர் வாதாடினார். ஆற்றில் மேலும் கீழும் போக ஒருவனுக்கு உள்ள உரிமை, ஆற்றைக் கடக்க இன்னொருவனுக்கும் உண்டு என்பது அவர் வாதத்தின் சாரம். ஜூரர்கள் ஒருமித்த முடிவுக்கு வராமல் கலைந்தார்கள். பாலத்தையே அகற்றக் கோரிய வேறொரு வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போய், உள்நாட்டுப் போர் நடந்துகொண்டிருந்தபோது பாலத்துக்குச் சாதகமாக முடிந்தது. ஒரு போக்குவரத்துத் தொழில் தன் போட்டியாளனை நீதிமன்றத்தில் நிறுத்தித் தடுக்கப் பார்த்த இந்தச் சம்பவத்தை வாசகர் மனத்தில் வைத்திருக்க வேண்டுகிறேன். நூறு ஆண்டுக்குப் பிறகு இதே உத்தி இதே கம்பெனி மீது மறுபடி வந்து இறங்கியது.

ஆற்றுக்கு மேற்கே அயோவாவில் பாதை போட்டது மிசிசிப்பி அண்ட் மிசூரி என்ற சகோதரக் கம்பெனி. 1855 முடிவதற்குள் ரயில் வந்துவிட்டால் 50,000 டாலர் தருவதாக அயோவா சிட்டி ஊரார் சொல்லியிருந்தார்கள். எலும்பை உறைய வைக்கும் டிசம்பர் குளிரில் இரவெல்லாம் தீ மூட்டி, ஊர் ஆட்களும் சேர்ந்து தண்டவாளம் பதித்து அந்தக் கெடுவைப் பிடித்தார்கள். இந்தக் கம்பெனியின் தடம் பார்க்கும் வேலையில்தான் பீட்டர் டேயும் கிரென்வில் டாட்ஜும் இருந்தார்கள். பணம் திரட்டியவர்களில் ஒருவர் தாமஸ் டுரான்ட். பின்னாளில் மூவரும் யூனியன் பசிபிக்குக்குப் போய்விட்டார்கள். கண்டம் கடக்கும் பாதையை ஒமாஹாவிலிருந்து மேற்கே கொண்டுபோன டுரான்டும் டாட்ஜும் தொழில் பழகிய இடம் ராக் ஐலண்டின் அயோவாப் பாதை. பிறப்பிலேயே இரண்டு கம்பெனிகளும் உறவு.

1866இல் இரு கரைக் கம்பெனிகளும் ஒன்றாகி சிகாகோ, ராக் ஐலண்ட் அண்ட் பசிபிக் ஆயின. மூன்று ஆண்டு கழித்து, கண்டம் கடக்கும் பாதை யூட்டாவில் முடிந்த மறுநாள், 1869 மே 11 அன்று ராக் ஐலண்ட் கவுன்சில் பிளஃப்ஸை எட்டியது. அதற்குள் நார்த் வெஸ்டர்ன் இரண்டு ஆண்டு முந்திக்கொண்டிருந்தது. இந்தப் பிந்திய வருகையின் விலையைக் கம்பெனி அடுத்த நூறு ஆண்டு கட்டியது. யூனியன் பசிபிக்கின் சரக்கில் பெரும்பங்கு, முதலில் வந்து நின்ற நார்த் வெஸ்டர்னுக்கே பழகிப்போனது.

பெயரில் பசிபிக் இருந்தாலும் ராக் ஐலண்ட் அந்தக் கடலைப் பார்த்ததில்லை. 1880களில் கன்சாஸ் தாண்டிக் கொலராடோ போனது, பிறகு ஒக்லஹோமாவின் குறுக்கே டெக்சஸ் இறங்கியது, மெம்பிஸிலிருந்து லிட்டில் ராக் வழியாக மேற்கே போகும் சாக்டாவ் பாதையை வளைத்தது, மினசோட்டாவிலும் நுழைந்தது. நியூ மெக்ஸிகோவின் டுகும்காரியில் சதர்ன் பசிபிக் என்ற வேறொரு கம்பெனியிடம் சரக்கை ஒப்படைத்துவிட்டுத் திரும்ப வேண்டியிருந்தது. எந்தத் திசையை எடுத்தாலும் ராக் ஐலண்டுக்குப் பாதை இருந்தது. பெரும்பாலான திசைகளில் அதைவிடக் குறுகிய, சமதளமான, வேகமான பாதை இன்னொருவரிடம் இருந்தது. கம்பெனியின் அடிப்படை நோய் இதுவே. பின்னாளில் தீர்ப்பைத் தாமதித்த அரசு ஆணையத்தை மட்டும் குறை சொல்கிறவர்கள் இந்த வரைபடத்தை ஒருமுறை விரித்துப் பார்க்க வேண்டும்.

நோய் முற்றியது முதலாளிகளின் பேராசையால். 1901இல் டேனியல் ரீட், வில்லியம் மூர் குழுவினர் கம்பெனியைக் கைப்பற்றினார்கள். தகரத் தகட்டுத் தொழிலில் கம்பெனிகளைச் சேர்த்துச் சேர்த்துப் பங்கு விற்றுப் பணம் பார்த்தவர்கள் அவர்கள். ரயில் கம்பெனியின் தலைக்குமேல் இரண்டு காகிதக் கம்பெனிகளை அடுக்கி, உண்மையில் ரயில் ஓட்டும் கம்பெனியின் லாபத்திலேயே அந்த இரண்டின் கடனையும் வட்டியையும் சுமத்தினார்கள். 1903இல் பிரிஸ்கோ ரயில் கம்பெனியை வாங்கினார்கள்; 1909இல் விற்றார்கள். 1915இல் ராக் ஐலண்ட் நீதிமன்றப் பொறுப்பாளர் கைக்குப் போனது. அதிலிருந்து மீண்டு, பெருமந்தத்தில் மறுபடி விழுந்தது. 1933 ஜூன் 7 அன்று தாக்கலான திவால் மனுவிலிருந்து 1948 தொடக்கத்தில்தான் வெளியே வந்தது.

அந்தத் திவால் காலத்திலேயே கம்பெனியைத் தூக்கி நிறுத்தியவர் ஜான் ஃபாரிங்டன். பர்லிங்டனிலிருந்து 1936இல் அழைத்துவரப்பட்ட அவர், பழைய இரும்பை விற்று, வளைவுகளை நிமிர்த்தி, கனத்த தண்டவாளம் பதித்தார். 1937இல் டீசல் என்ஜின் பூட்டிய ராக்கெட் பயணி ரயில்களை ஓடவிட்டார். 1950களின் நடுவில் அவர் விலகியபோது கம்பெனி லாபத்தில் இருந்தது. அவருக்குப் பிறகு வந்த டவுனிங் ஜெங்க்ஸ் 1961இல் மிசூரி பசிபிக்குக்குப் போய், அதை நாட்டின் நல்ல ரயில் கம்பெனிகளில் ஒன்றாக்கினார். ஆக, ராக் ஐலண்டுக்குத் திறமையான நிர்வாகிகள் கிடைக்காமல் இல்லை.

நாடு மாறிக்கொண்டிருந்தது. 1956இல் மாநிலங்களை இணைக்கும் நெடுஞ்சாலைச் சட்டம் வந்தது. 80ஆம் எண் நெடுஞ்சாலை டாவன்போர்ட், அயோவா சிட்டி, டி மாய்ன், கவுன்சில் பிளஃப்ஸ் என்று ஏறக்குறைய ராக் ஐலண்டின் பிரதான பாதையை ஒட்டியே போனது. தானியம் போன்ற விளைபொருளை ஏற்றும் லாரிக்காரர் தன் கட்டணத்தை அன்றன்றைக்கு மாற்றலாம். ரயில் கம்பெனி கட்டணத்தை மாற்றவும், ஆள் ஏறாத கிளைப் பாதையை மூடவும், இன்னொரு கம்பெனியோடு சேரவும் மாநிலங்களுக்கிடை வணிக ஆணையத்தின் அனுமதியை வாங்க வேண்டும். 1887இல் ரயில் முதலாளிகளின் கொள்ளையிலிருந்து விவசாயிகளைக் காக்கப் பிறந்த ஆணையம் அது. ரயிலுக்குப் போட்டியே இல்லாத காலத்தின் சட்டத்தை லாரியின் காலத்திலும் அது நடத்திக்கொண்டிருந்தது.

இந்த நிலையில் 1963இல் ராக் ஐலண்டும் யூனியன் பசிபிக்கும் இணைய உடன்பட்டன. ஒமாஹாவில் நின்றுபோன யூனியன் பசிபிக்குக்குச் சிகாகோ வரை சொந்தப் பாதை கிடைக்கும். ராக் ஐலண்டுக்குப் பணமும், ஒருநாளும் வற்றாத சரக்கும் கிடைக்கும். கன்சாஸ் சிட்டிக்குத் தெற்கே உள்ள பாதைகள் சதர்ன் பசிபிக்குக்குப் போகும். காகிதத்தில் இதைவிடப் பொருத்தமான இணைப்பை அந்தக் காலத்து அமெரிக்காவில் காண்பது கடினம். 1964இல் மனு ஆணையத்தின் முன் போனது.

எதிர்ப்பு உடனே கிளம்பியது. அதன் காரணத்தைப் புரிந்துகொள்ள ரயில் வருமானம் பங்காகும் முறையைத் தெரிந்துகொள்ள வேண்டும். கலிபோர்னியாவில் ஏற்றிய ஆரஞ்சுப் பெட்டி நியூ யார்க் போய்ச் சேர மூன்று நான்கு கம்பெனிகள் கைமாறும். மொத்தக் கட்டணத்தை, இழுத்த தூரத்தையும் வேறு சில ஏற்பாடுகளையும் வைத்துப் பிரித்துக்கொள்வார்கள். ஆகவே சரக்கு எந்த ஊரில் கைமாறுகிறது, யாருக்குக் கைமாறுகிறது என்பதே ஒரு கம்பெனியின் உயிர். யூனியன் பசிபிக்குக்குச் சொந்தமாகச் சிகாகோ பாதை அமைந்துவிட்டால், ஒமாஹாவில் அது கொடுக்கும் பெட்டிக்காகக் கையேந்தி நிற்கும் மற்ற கம்பெனிகளுக்கு ஒன்றும் மிஞ்சாது. பேரிடி நார்த் வெஸ்டர்னுக்கு. அதன் தலைவர் பென் ஹைன்மன் தேர்ந்த வழக்கறிஞர். ராக் ஐலண்டை நாங்களே வாங்குகிறோம் என்று போட்டி விலை சொன்னார், ராக் ஐலண்டின் பங்குதாரர்களைத் தம் பக்கம் இழுக்கப் பார்த்தார், ஆணையத்தின் முன்பும் எதிர்த்து நின்றார்.

மற்றவர்களும் சும்மா இருக்கவில்லை. மேற்கின் ஏறக்குறைய எல்லாப் பெரிய ரயில் கம்பெனிகளும் வழக்கில் நுழைந்தன. நேரடியாக எதிர்த்தவை சில. எங்களுக்கு இந்தத் துண்டைக் கொடுத்தால் ஆட்சேபம் இல்லை என்று பேரம் பேசியவை சில. சான்டா ஃபே கம்பெனிக்கு மெம்பிஸிலிருந்து வரும் சாக்டாவ் பாதை மீது கண். ஒவ்வொருவருக்கும் சாட்சி சொல்ல உரிமை, எதிர்தரப்புச் சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்ய உரிமை, சரக்கு ஓட்டக் கணக்கைத் தாக்கல் செய்ய உரிமை. கணக்கு பழையதாகிவிட்டால் புதுக் கணக்குக் கேட்கவும் உரிமை. விசாரணை நீள நீள ராக் ஐலண்டின் கணக்கு ஒவ்வொரு ஆண்டும் மோசமானது. மோசமாக ஆக, புதுக் கணக்குத் தேவைப்பட்டது.

ஆணையத்தின் விசாரணை அதிகாரி நேதன் கிளிடெனிக். மனு கேட்டதைவிடப் பெரிய கேள்வியை அவர் எடுத்துக்கொண்டார். ராக் ஐலண்டை மட்டும் பார்த்தால் போதாது, மேற்கின் ரயில் வரைபடம் முழுவதையும் நான்கு பெரிய அமைப்புகளாகத் திருத்தி வரைய வேண்டும் என்றார். சிந்தனையில் தவறில்லை. 1920ஆம் ஆண்டுச் சட்டத்திலேயே நாடு முழுவதற்கும் இணைப்புத் திட்டம் தீட்டச் சொல்லி ஆணையத்துக்குக் கட்டளை இருந்தது. 1929இல் அது ஒரு திட்டத்தையும் வெளியிட்டது. கம்பெனிகள் யாரும் அதை ஏற்காததால் 1940இல் கட்டளை ரத்தானது. ஆணையம் அரை நூற்றாண்டாகச் செய்ய முடியாமல்போன வேலையை, மூச்சுத் திணறிக்கொண்டிருந்த ஒரு கம்பெனியின் மனுவில் வைத்துச் செய்ய முற்பட்டதை என்னால் ஏற்க முடியவில்லை. கிளிடெனிக்கின் அறிக்கைகள் 1970களின் தொடக்கத்தில்தான் வரத் தொடங்கின.

இதற்கிடையே தரையில் நடந்ததைச் சொல்ல வேண்டும். ராக் ஐலண்ட் கடைசியாக லாபம் பார்த்தது 1965இல். நாளைக்கு வேறொருவருக்குச் சொந்தமாகப் போகும் பாதையில் இன்றைக்கு யார் பணம் போடுவார்கள்? இற்றுப்போன ஸ்லீப்பர் கட்டைகளை மாற்றுவது தள்ளிப்போடப்பட்டது. ஜல்லியில் சேறு ஏறியது. மழைநீர் வடியாத இடங்களில் தண்டவாளம் அமிழ்ந்தது. ஒரு காலத்தில் ராக்கெட்டுகள் பறந்த பாதையில், பல இடங்களில் மணிக்கு 10 மைலுக்கு மேல் போகக்கூடாது என்று எச்சரிக்கை உத்தரவு தொங்கியது. வேகம் குறைந்தால் சரக்குச் சொந்தக்காரர் லாரிக்கு மாறுவார் என்பது எல்லோருக்கும் தெரியும். அவ்வளவாகப் பேசப்படாத வேறொரு செலவும் இருந்தது. அமெரிக்காவில் ஒரு கம்பெனியின் சரக்குப் பெட்டி இன்னொரு கம்பெனியின் பாதையில் நிற்கும் ஒவ்வொரு நாளுக்கும் வாடகை உண்டு. இரண்டு நாளில் கடக்க வேண்டிய பெட்டி நான்கு நாள் ஊர்ந்தால் வாடகை இரண்டு மடங்கு. பாதையைப் பழுதுபார்க்காமல் மிச்சம் பிடித்த பணம் வாடகையாக வெளியே போனது. பழுதுபார்க்க இன்னும் பணமில்லை. பாதை இன்னும் கெட்டது. இந்தச் சுழலுக்குள் போன கம்பெனி வெளியிலிருந்து பணம் வராமல் மீளவே முடியாது. வெளியிலிருந்து வர வேண்டிய பணமோ ஆணையத்தின் கோப்பில் இருந்தது.

1971இல் பயணி ரயில்களை ஆம்ட்ராக் என்ற அரசு நிறுவனம் எடுத்துக்கொண்டது. அதில் சேரக் கட்டணம் கட்ட வேண்டும். ராக் ஐலண்டுக்கு அந்தக் கட்டணத்தைவிட மிஞ்சிய இரண்டு ரயில்களை ஓட்டிக்கொண்டிருப்பதே மலிவாக இருந்தது. பியோரியா ராக்கெட்டும் குவாட் சிட்டி ராக்கெட்டும் மங்கிய பெட்டிகளோடு 1978 டிசம்பர் 31 வரை ஓடின.

1974 நவம்பரில் ஆணையத்தின் தீர்ப்பு வந்தது. இணைப்புக்கு அனுமதி, கூடவே கனமான நிபந்தனைகள். பத்து ஆண்டுக்கு முன் கண்ட ராக் ஐலண்ட் அப்போது இல்லை. பாதையைச் சீர்செய்ய ஆகும் செலவையும் நிபந்தனைகளையும் கூட்டிப் பார்த்த யூனியன் பசிபிக் 1975இல் விலகிக்கொண்டது. அதற்கு முன்பே, அரசுக் கடன் கேட்டு மறுக்கப்பட்ட நிலையில், 1975 மார்ச் 17 அன்று ராக் ஐலண்ட் தன் வரலாற்றின் கடைசித் திவால் மனுவைக் கொடுத்திருந்தது. வில்லியம் கிப்பன்ஸ் அறங்காவலராக நியமிக்கப்பட்டார். கூட்டரசு ரயில் நிர்வாகத்தின் தலைவராக இருந்து முந்தைய ஆண்டு கம்பெனித் தலைவராக வந்திருந்த ஜான் இங்ரம், என்ஜின்களுக்கு வெளிர்நீலமும் வெள்ளையும் அடித்து, தி ராக் என்று பெரிய எழுத்தில் எழுதி நம்பிக்கையூட்டப் பார்த்தார். ஓரளவு பாதையும் சீரானது. போதவில்லை.

முடிவு தொழிலாளர் பிரச்சினை வழியாக வந்தது. மற்றக் கம்பெனிகளில் அமலான சம்பள உயர்வைத் திவாலான ராக் ஐலண்ட் தரவில்லை. அந்த நிலுவையைக் கேட்டு 1979 ஆகஸ்ட் 28 அன்று எழுத்தர் சங்கம் வேலைநிறுத்தத்தில் இறங்கியது. ரயில் ஓட்டும் தொழிலாளர் சங்கமும் சேர்ந்துகொண்டது. மேலாளர்களே என்ஜினில் ஏறிச் சில ரயில்களை ஓட்டினார்கள். அறுவடைக் காலம், அயோவாவின் தானியக் கிடங்குகள் நிரம்பி வழியும் நேரம். ஜனாதிபதி கார்ட்டர் தலையிட்டார். ஆணையம் கன்சாஸ் சிட்டி டெர்மினல் என்ற கூட்டுக் கம்பெனியை அழைத்து, ராக் ஐலண்டின் ரயில்களை அரசுச் செலவில் ஓட்டச் சொன்னது. தானியம் நகர்ந்தது. 1980 ஜனவரி 25 அன்று நீதிபதி ஃபிராங்க் மெக்கார், கம்பெனியைச் சீரமைப்பது இனி முடியாது என்று கலைக்க உத்தரவிட்டார். மார்ச் 31 நள்ளிரவோடு ஓட்டம் நின்றது. ஏறத்தாழ 7,000 மைல் பாதை. அமெரிக்க ரயில் வரலாற்றில் அவ்வளவு பெரிய கலைப்பு அதற்கு முன் நடந்ததில்லை.

அந்தத் தொழிலாளர்களைக் குறை சொல்லும் எழுத்துகளைப் படிக்கும்போது எனக்குக் கோபம் வருகிறது. மற்ற இடங்களில் அதே வேலைக்குக் கொடுத்த கூலியைக் கேட்டார்கள். கம்பெனியின் உயிர் ஊசலாடிக்கொண்டிருந்தது உண்மை. அதை அந்த நிலைக்குக் கொண்டுவந்ததில் அவர்களுக்குப் பங்கில்லை. வேலையிழந்த அவர்களுக்கு இழப்பீடு தர 1980 மே மாதம் நாடாளுமன்றம் ஒரு சட்டம் இயற்றியது. கம்பெனியின் சொத்திலிருந்து 75 மில்லியன் டாலர் வரை ஒதுக்கலாம் என்றது. அறங்காவலர் தரப்பு எதிர்த்து வழக்காடியது. திவால் சட்டங்கள் நாடு முழுவதும் ஒரே சீராக இருக்க வேண்டும் என்பது அமெரிக்க அரசியலமைப்பு. ஒரே ஒரு கம்பெனிக்காக எழுதிய இந்தச் சட்டம் செல்லாது என்று 1982இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

சொத்து விற்பனையில்தான் யாரும் எதிர்பாராதது நடந்தது. கன்சாஸ் சிட்டியிலிருந்து மினியாபொலிஸ் போகும், முதுகெலும்புப் பாதை என்று பெயர் பெற்ற தடத்துக்கு நார்த் வெஸ்டர்னும் சூ லைனும் போட்டிபோட்டன. 1983இல் 93 மில்லியன் டாலருக்கு நார்த் வெஸ்டர்னுக்குப் போனது. டுகும்காரிப் பாதையை சதர்ன் பசிபிக்கின் துணைக் கம்பெனியான காட்டன் பெல்ட் 57 மில்லியனுக்கு வாங்கியது. ஒக்லஹோமா வழியாக டெக்சஸ் இறங்கும் பாதையில் கேட்டி கம்பெனி ரயில் ஓட்டியது. என்ஜின், பெட்டி, நிலம், தண்டவாள இரும்பு எல்லாம் விலைபோயின. கடன்காரர்கள் அனைவருக்கும் முழுத் தொகையும் கிடைத்தது. அதன்பிறகும் பணம் மிஞ்சியது! மிஞ்சியதைக் கொண்டு 1984இல் சிகாகோ பசிபிக் என்ற புதிய கம்பெனி பிறந்தது. அது அடுத்த ஆண்டு ஹூவர் தூசி உறிஞ்சிக் கம்பெனியை வாங்கியது. 1989இல் சலவை இயந்திரம் செய்யும் மேடாக் சிகாகோ பசிபிக்கை வாங்கிக்கொண்டது. மேடாக்கின் தலைமையகம் இருந்த நியூட்டன், ராக் ஐலண்டின் பிரதான பாதையிலேயே உள்ள அயோவா ஊர்.

ஓடும் ரயிலாக நஷ்டம் தந்த சொத்து, உடைத்து விற்றபோது எல்லாக் கடனையும் அடைத்தது என்றால், அந்தப் பாதைகளுக்கு மதிப்பே இல்லை என்று யாரும் சொல்ல முடியாது. சரியான கைகளில் சேர்ந்த துண்டுகள் இன்றும் உழைக்கின்றன. 1852இல் முதல் ரயில் ஓடிய சிகாகோ–ஜோலியட் தடத்தில் மெட்ரா என்ற அரசு அமைப்பின் புறநகர் ரயில்கள் ராக் ஐலண்ட் என்ற பெயரிலேயே ஓடுகின்றன. அயோவாவைக் குறுக்கே கடக்கும் பழைய பிரதான பாதையில் 1984இலிருந்து அயோவா இன்டர்ஸ்டேட் என்ற சிறு கம்பெனி ஓட்டுகிறது. பாதையோரத் தொழில் நிறுவனங்கள் கூட்டாகப் பணம் போட்டதால் அது சாத்தியமானது. எல்லாத் துண்டும் பிழைக்கவில்லை. மெம்பிஸிலிருந்து மேற்கே போன சாக்டாவ் பாதையின் நீண்ட பகுதிகள் பிடுங்கப்பட்டன. லிட்டில் ராக்கில் ஆற்றின் மேல் இருந்த அதன் பாலம் இப்போது கிளின்டன் நூலகத்தை ஒட்டிய நடைபாலம். மிசூரி மாநிலத்தில் பழைய தடத்தின் ஒரு பகுதி சைக்கிள் பாதை.

மிகப் பெரிய துண்டுகள் போன திசையைக் கவனிக்க வேண்டும். கேட்டி கம்பெனியை யூனியன் பசிபிக் 1988இல் வாங்கியது. 1995இல் நார்த் வெஸ்டர்னை வாங்கியது. 1996இல் சதர்ன் பசிபிக்கை வாங்கியது. மினியாபொலிஸ் பாதையும் டுகும்காரிப் பாதையும் டெக்சஸ் பாதையும் இப்படி ஒவ்வொன்றாக, மூன்று வேறு கம்பெனிகள் வழியாக, யூனியன் பசிபிக்குக்கே வந்து சேர்ந்தன. ராக் ஐலண்ட் இணைப்பு நடந்தால் தன் உயிர் போய்விடும் என்று வாதாடிய நார்த் வெஸ்டர்ன் அந்த இணைப்பைத் தடுத்து முப்பது ஆண்டு கூடுதலாக வாழ்ந்தது. அதன் தொழிலாளர்களுக்கும் ஊர்களுக்கும் அது உண்மையான நன்மை. அதை மறைக்க மாட்டேன். அதற்கான விலையை ராக் ஐலண்டின் ஊர்களும் தொழிலாளர்களும் கொடுத்தார்கள் என்பதையும் சேர்த்தே எழுத வேண்டும். கிளிடெனிக் மேற்குக்கு நான்கு அமைப்புகளை விரும்பினார். 1996 முடிவில் யூனியன் பசிபிக், பிஎன்எஸ்எஃப் என்று இரண்டு பெரிய அமைப்புகளே மிஞ்சின.

ஆணையம் இணைப்பை நிராகரித்திருக்கலாம். நியாயமான காரணங்கள் இருந்தன; யூனியன் பசிபிக்கின் ஆதிக்கம் அவற்றில் முதன்மையானது. 1966இல் முடியாது என்று சொல்லியிருந்தால், பாதை நன்றாக இருக்கும்போதே ராக் ஐலண்ட் வேறு துணை தேடியிருக்கும், அல்லது துண்டு துண்டாக நல்ல விலைக்கு விற்று, மிஞ்சியதைக் காப்பாற்றியிருக்கும். பத்து ஆண்டு ஆணையம் அனுமதியும் தரவில்லை, மறுக்கவும் இல்லை. எதிர்த்தவர்களுக்கு வழக்கில் வெல்ல வேண்டிய தேவையே இருக்கவில்லை. வழக்கு முடியாமல் இருந்தாலே போதும். அதற்கான வழிகளை நடைமுறைச் சட்டமே தாராளமாகத் திறந்து வைத்திருந்தது. தாமதம் அரசு அலுவலகத்தின் சோம்பல் மட்டும் அல்ல, போட்டிக் கம்பெனிகள் கையாண்ட ஆயுதமும்கூட என்று நான் சொல்வது இதனால்தான்.

நாடாளுமன்றம் இந்தப் பாடத்தைப் படித்தது. 1976ஆம் ஆண்டுச் சட்டம் இணைப்பு விசாரணைகளுக்குக் கால வரம்பு விதித்தது. 1980 அக்டோபரில், ராக் ஐலண்ட் நின்று ஆறு மாதம் கழித்து, ஸ்டாகர்ஸ் சட்டம் ரயில் கம்பெனிகளுக்குக் கட்டண உரிமையைத் திருப்பிக் கொடுத்தது. ஆணையமே 1995 முடிவில் கலைக்கப்பட்டு, தரைவழிப் போக்குவரத்து வாரியம் அதன் இடத்தில் வந்தது. கனேடியன் பசிபிக்கும் கன்சாஸ் சிட்டி சதர்னும் 2021 அக்டோபரில் கொடுத்த மனுவில் அந்த வாரியம் 2023 மார்ச்சில் தீர்ப்புச் சொல்லிவிட்டது.

2025 ஜூலையில் யூனியன் பசிபிக், கிழக்கின் நார்ஃபோக் சதர்னோடு இணையப்போவதாக அறிவித்தது. கடல் முதல் கடல் வரை ஒரே கம்பெனி என்பது அமெரிக்காவில் இதுவரை நடக்காத காரியம். இந்த இணைப்பைப் பற்றி எழுதுகிறவர்களுக்கும் முடிவு சொல்லப்போகிறவர்களுக்கும் ஒரு வேண்டுகோள்: ராக் ஐலண்ட் வழக்கை மறுபடி எடுத்துப் படியுங்கள். மனுதாரர்களின் வாதத்தை மட்டும் படித்து நிறுத்திவிடாதீர்கள். எதிர்மனு போட்டவர்களின் பட்டியலை எடுத்து, ஒவ்வொருவரும் எந்தப் பாதையைக் கேட்டார், கடைசியில் எதை வாங்கினார் என்று பக்கத்தில் எழுதிப் பாருங்கள்.